அறுபத்தாறு குருட்டு நாள்

பெங்களூர் தண்டு
2-6-1942

அக்கா கருப்பிக்குத் தம்பி சின்னக்கண்ணு எழுதறது. நான் நல்லா இருக்கேன். உன் முட்டி வலி எப்படி இருக்குது? காளி நல்லா இருக்காளா? ஏழுசுனையில எல்லாரையும் கேட்டதாச் சொல்லு.

வேலை கிடைச்சுடுச்சு. பட்டாளம் தங்கற இந்தத் தண்டுல, அவங்களுக்குக் கூடாரம் தைக்கிற கம்பெனி. பெரிய கொட்டாய், உள்ளே வரிசையா தையல் மெஷினு. நான் இப்போதைக்குத் துணி தூக்கிப் போடற ஆளுதான். காலையில ஏழு மணிக்குச் சங்கு ஊதுவாங்க. மழை கொட்டினாலும் ஊதுவாங்க. போன வாரம் ஒரு நாள் பொழுதே தெரியல. குருட்டு நாள்தானேன்னு நான் பாட்டுக்குப் படுத்துக் கிடந்தேன். மேஸ்திரி வந்து காலால எத்தி எழுப்பினான்.

பக்கத்துப் பாயில படுக்கறவன் முனிராஜ், பாலக்கோட்டு ஆளு. ஏன்டா வேலைக்கு வரலேன்னு கேட்டான். நம்ம கணக்கைச் சொன்னேன். எங்க மலையில எங்கக்காதான் நாள்காரி, விடியறதுக்கு முந்தி உச்சிப்பாறைக்கு ஏறுவா, சூரியன் மேகத்துல மாட்டாம முழுசா ஏறினா 'நாள் பொறந்துது'ன்னு மூணு தடவை கூப்பிட்டு மூங்கில் குழாயில ஒரு மொச்சைக்கொட்டை போடுவான்னு சொன்னேன். மேகம் மறைச்சுட்டா கூப்பிட மாட்டா. அது குருட்டு நாள், கணக்குல சேராது, அன்னிக்கு விதைக்க மாட்டோம், பொண்ணு பேச மாட்டோம். இருவது நாள் ஒரு ஆள், கைவிரலும் கால்விரலும் சேர்ந்த கணக்கு. பதினஞ்சு ஆள் ஒரு வருசம். அவன் வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிச்சான். மேகம் இருந்துதா இல்லையான்னு மத்தவங்களுக்குத் தெரியாதான்னு கேட்டான். ஊர் மேக்கால பள்ளத்துல கிடக்குது, எங்க வாசலுக்கு வெயில் வர்றதுக்குள்ள பொழுது ரெண்டு பனை உசரம் ஏறிடும், அக்கா சொல்றதுதான் நாளுன்னேன். உங்கக்கா தூங்கிட்டா உங்க ஊருக்கே வயசாகாது போலன்னான்.

ரெண்டு மாசத்துல வந்துடறேன். புருசன் தையல் கத்துக்கிட்டு வர்றான்னு காளிகிட்டச் சொல்லு.

இப்படிக்கு,
உன் தம்பி சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 3, நாள் 4
(அரூர் தபால், 4-7-1942)

தம்பி சின்னக்கண்ணுக்கு அக்கா கருப்பி எழுதிக்கிறது. நான் இருக்கேன், முட்டி வலியும் என்னோடவே இருக்குது. காளி சுகம். நீ வேளைக்குத் தின்னுறியா?

உங்கக்கா தூங்கினதே கிடையாதுன்னு அந்தப் பாலக்கோட்டானுக்குச் சொல்லு. மேலே மூலையில இருக்கற இங்கிலீசுத் தேதி நான் போட்டது இல்லை. ரோசம்மாள் டீச்சர் போடறாங்க. எனக்கு அவங்க கத்துக்குடுத்தது எழுத்து மட்டும்தான், தேதி இல்லை. வீரன் கடுக்காய் மூட்டையோட அரூர் சந்தைக்கு இறங்கறப்ப கடிதாசியை அவங்க வூட்டுல குடுப்பான், அவங்க தபால்ல சேர்ப்பாங்க. உன் கடிதாசியும் அதே மாதிரிதான் மேல ஏறும்.

முனிராஜுகிட்ட எல்லாத்தையும் கொட்டினியே, பேர்க்கல்லை மட்டும் ஏன் முழுங்கினே? அதையும் சொல்லு. மலையை விட்டு இறங்கினவன் பதினஞ்சு ஆள் நிறையறதுக்குள்ள அடிவாரத்து இறங்குபாறையைத் தாண்டி மேல வந்துடணும். வரலைன்னா கோயில் வாசல்ல இருக்கற அவன் பேர்க்கல்லைக் கூடப் பொறந்தவங்களே கவுத்துடணும். அப்புறம் அவன் செத்தவன் கணக்கு. பொண்டாட்டி வேற வூடு போகலாம், காடு பங்காளிக்கு. உசுரோட வந்து நின்னாலும் பாறைக்கு மேல அவனுக்குச் சோறு கிடையாது. நம்ம பெரியண்ணன் மாமன் கல்லு இன்னும் குப்புறத்தான் கிடக்குது.

நீ புது வருசத்து முதல் நாளே இறங்கினவன். உன் கணக்கும் ஊர்க் கணக்கும் ஒண்ணு. வருசம் முடியறதுக்குள்ள வா, போதும்.

ரெண்டாம் ஆள் முடிஞ்ச மறுநாளே சாமை விதைச்சுட்டோம். உன் காட்டையும் காளியும் நானுமா கிளறி விட்டோம். மாடு இல்லாம ரெண்டு பொம்பளைங்க என்ன பாடு பட்டோம்னு வந்தா சொல்றேன்.

அக்கா கருப்பி

*

பெங்களூர் தண்டு
20-9-1942

அக்காவுக்கு வணக்கம். நான் சுகம், உங்க சுகம் தெரியணும். பதில் போடத் தாமசமாயிடுச்சு, கோவிச்சுக்காதே.

என்னை மெஷின்ல உட்கார வச்சுட்டாங்க. காலாலேயே மிதிச்சு ஓட்டறது. கெட்டித் துணி, ஊசி உடையும், ஊசி உடைஞ்சா மேஸ்திரி மூஞ்சியும் உடையும். ஒரு நாளைக்கு எட்டுக் கூடாரத்துக்கு விளிம்பு அடிக்கிறேன். இங்க யாரைப் பார்த்தாலும் ஊட்ட ஆயிதான்னு கேக்கறாங்க. சாப்பிட்டாச்சான்னு அர்த்தம். சாப்பாடு குடுக்க மாட்டாங்க, சும்மா கேக்கறதுதான்.

காளி ஏன் ஒரு வார்த்தைகூடச் சொல்லி அனுப்பல? நான் சொல்லாம இறங்கிட்டேன்னு இன்னும் மனசுல வச்சிருக்காளா? சொன்னா விட்டிருக்க மாட்டா. நீயும் விட்டிருக்க மாட்டே.

தசராவுக்கு லீவு விட்டா வர்றேன்.

தம்பி சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 8, நாள் 2
(அரூர் தபால், 10-11-1942)

தம்பிக்கு அக்கா. குளிர் தொடங்கிடுச்சு, உன் கம்பளி இங்கேயே கிடக்குது. அங்க என்னத்தைப் போத்திக்கிறே?

தசரா வந்துது போயிடுச்சு. உன்னைக் காணோம். போகட்டும்.

சாமை அறுத்தாச்சு, ராகியும் வந்துடுச்சு. குறை இல்லை. காளி ஒண்ணும் சொல்லலையேன்னு கேக்கறே. நீ அவகிட்ட எதையாவது சொன்னாதானே அவ பதில் சொல்ல. எனக்கு எழுதற கடிதாசியில அவளை ஓரமா ஒட்ட வைக்கிறே. நான் வாய் விட்டுப் படிக்கிறேன், அவ கூழைக் கிண்டிக்கிட்டே கேக்கறா. படிச்சு முடிச்சதும் இவ்வளவுதானுங்களான்னு கேக்கறா. நான் என்னடா சொல்றது?

அவ அப்பன் சின்னராஜ் ரெண்டு தடவை வந்துட்டான். ஊர் நியாயம் பார்க்கற ஊர்க்கவுண்டனா வந்தானா, பொண்ணைப் பெத்தவனா வந்தானான்னு தெரியல. எத்தனை ஆள் ஆச்சுன்னு மட்டும் கேட்டுட்டுப் போறான். அவனும்தான் குழாயைப் பார்க்கலாம், பார்த்துட்டும் என்னைக் கேக்கறான்.

கம்பளியை வீரன்கிட்டக் குடுத்து ரோசம்மாள் வூட்டுல வைக்கச் சொல்றேன். யாராவது அந்தப் பக்கம் வந்தா அனுப்பு.

அக்கா கருப்பி

*

பெங்களூர் தண்டு
6-1-1943

அக்காவுக்கு. நான் சுகமா இருக்கேன். பொங்கலுக்கு வரல, இப்பவே சொல்லிடறேன், பார்த்துக்கிட்டு இருக்காதீங்க.

விசயம் என்னன்னா, பெரிய ஆர்டர் வந்திருக்குது. அது முடியற வரைக்கும் நிக்காம வேலை பார்க்கறவங்களுக்குப் பழைய தையல் மெஷின் ஒண்ணு தர்றதா மேஸ்திரி சொல்றான். பழசுன்னாலும் நல்லா ஓடும். யோசிச்சுப் பாரு, ஏழுசுனையில ஒரு மெஷின். சித்தேரியில இருந்துகூடத் துணி கொண்டுட்டு வருவாங்க. காளியை உட்கார வச்சுடலாம், காட்டுல கிடந்து காயவேண்டாம். அவகிட்ட இதைச் சொல்லு. அவளுக்காகத்தான்னு சொல்லு.

எத்தனை ஆள் ஆச்சு? எனக்கு இங்க கணக்கு விட்டுப் போச்சு. முதல்ல நானும் மேகத்தைப் பார்த்துச் சுவத்துல கோடு போட்டுக்கிட்டு வந்தேன். இங்கத்து மேகம் வேற, அங்கத்து மேகம் வேற. நீ எழுதினாத்தான் எனக்குத் தெரியும்.

சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 11, நாள் 18
(அரூர் தபால், 12-2-1943)

தம்பிக்கு அக்கா எழுதறது. உடம்புக்கு ஒண்ணும் இல்லையே? எனக்கு இந்தக் குளிர்ல பாறை ஏறி இறங்க முடியல. காளி எண்ணெய் போட்டுத் தேய்ச்சு விடறா.

இன்னும் எண்பத்திரெண்டு நாள் இருக்குது. இந்த வருசம் தை மாசத்துலயும் மேகம். என்ன பண்றது, சில வருசம் அப்படித்தான்.

மெஷின் விசயத்தைக் காளிகிட்டப் படிச்சேன். எனக்குத் தைக்கத் தெரியாதுங்களேன்னு சொன்னா.

எண்பத்திரெண்டு நாள் இருக்குதுன்னு சாவகாசமா இருந்துடாதே. வந்துட்டு வேணும்னா மறுபடியும் போ. ஒரு தடவை இறங்குபாறையைத் தாண்டி வந்து தலையைக் காட்டினா புதுசா பதினஞ்சு ஆள் கிடைக்குது இல்லையா. அப்புறம் அந்த மெஷினைப் போய்த் தூக்கிக்கிட்டு வா. யாரு வேண்டாம்னா?

கருப்பி

*

பெங்களூர் தண்டு
3-4-1943

அக்காவுக்கு. உன் கால் வலி கேட்டு வருத்தமா இருக்குது. தைலம் வாங்கி வச்சிருக்கேன்.

முனிராஜ் உன் கடிதாசியை வாங்கிப் பார்த்தான். ரெண்டு தேதியையும் ஒண்ணுக்குப் பக்கத்துல ஒண்ணு வச்சு ஏதோ கூட்டிக் கழிச்சான். மழைக்காலத்துல போட்ட குருட்டு நாள் சரிடா, தை மாசத்துல உங்க மலைக்கு மட்டும் எங்கிருந்து வந்துது மேகம்னு கேக்கறான். எங்க மலை எனக்குத் தெரியும் உன் வேலையைப் பாருன்னு அடக்கிட்டேன்.

ஆர்டர் இன்னும் முடியல. சித்திரையில ரெண்டு நாள் கேட்டுப் பார்க்கறேன். கிடைச்சா வர்றேன்.

சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 14, நாள் 3
(அரூர் தபால், 30-4-1943)

தம்பி, நல்லா இருக்கியா. நாங்க இருக்கோம்.

சித்திரையில வர்றேன்னே, பாதி போயிடுச்சு. வரல. கணக்கைப் பார்க்காதே, நாளைப் பார்க்காதே, இந்தக் கடிதாசியைப் பார்த்ததும் கிளம்பு. மெஷினும் வேண்டாம் மண்ணும் வேண்டாம். முப்பத்தேழு நாள் இருக்குதுன்னு நீ நினைப்பே. நினைக்காதே. வாடா.

கருப்பி

*

பெங்களூர் தண்டு
10-6-1943

அக்காவுக்கு வணக்கம். சுகம், சுகத்துக்கு எழுதவும்.

ஏன் இப்படிப் பதறறே? யாருக்காவது உடம்பு சரியில்லையோன்னு பயந்துட்டேன். அப்புறம் பார்த்தா கணக்குதான். நான் கணக்குப் போட்டுட்டேன் அக்கா. முப்பத்தேழு நாள் பாக்கி. ஆனியும் ஆடியும் நம்ம மலையில பாதிக்கு மேல குருட்டு நாள்தான். ஆகஸ்டு ஒண்ணாந்தேதிக்கு ஆர்டர் முடியுது. அன்னிக்கே மெஷினை வாங்கிக்கிட்டுக் கிளம்பிடறேன். மொரப்பூர்ல ரயில் இறங்கி, வண்டி பிடிச்சு அடிவாரம் வரைக்கும் கொண்டாந்துடறேன். அங்கேயிருந்து தூக்க வீரனையும் இன்னும் மூணு பேரையும் வரச் சொல்லு.

மேகமெல்லாம் எனக்காகவே வருது போல இருக்குது. நீயும் உச்சியில நின்னு கொஞ்சம் மேகத்தைக் கூப்பிட்டு வை.

தம்பி சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 4, நாள் 8
(அரூர் தபால், 20-7-1943)

தம்பி சின்னக்கண்ணுக்கு அக்கா கருப்பி. நீ சுகமா இரு. மேலே போட்டிருக்கற நாளைப் பார்த்துத் தப்பா எழுதிட்டேன்னு நினைக்காதே. அதுதான் சரியான நாள். வருசம் பொறந்து மூணு ஆளுக்கு மேல ஆயிடுச்சு.

நான் திருடிட்டேன்டா. பொங்கலுக்கு வரலேன்னு உன் கடிதாசி வந்துது பாரு, அதுக்கு அப்புறம் ஒரு நாள் பாறையில உட்கார்ந்திருந்தேன். பொழுது தட்டு மாதிரி ஏறுது. கூப்பிட வாயைத் திறந்தேன், வரல. ஒரு நாள்தானேன்னு இறங்கிட்டேன். ஊர்ல யாரும் ஒண்ணும் கேக்கல. அப்புறம் வாரத்துக்கு ரெண்டு, மூணு. எடுத்த நாளுக்கெல்லாம் மொச்சைக்கொட்டையை வூட்டுக்குப் பின்னால ஒரு சட்டியில போட்டு மூடி வச்சேன். கணக்கு எனக்குத் தப்பக்கூடாது இல்லையா. நெசக் கணக்குல, டீச்சர் தேதிப்படி சித்திரை பதினாலுலயே பதினஞ்சு ஆள் நிறைஞ்சுடுச்சு. அது நிறைஞ்ச மூணாம் நாள்தான் உன்னை வாடான்னு எழுதினேன்.

வைகாசிக் கடைசியில நல்ல மழை பேய்ஞ்சுது. மண்ணு மெத்துன்னு இருந்துது. நெசக் கணக்குல அதுக்கு ஒரு வாரம், பத்து நாளைக்குள்ள விதை போட்டிருக்கணும். எல்லாரும் விதைச் சாமையைக் கூடையில எடுத்து வச்சுக்கிட்டு என் வாயைப் பார்த்துக்கிட்டு இருந்தாங்க. நான் வருசத்தையே முடிக்காம வச்சிருந்தேன். அப்புறம் மழை நின்னு காத்து அடிக்க ஆரம்பிச்சுது. ஆனி பாதி தாண்டறப்ப குழாயில இருநூத்தித் தொண்ணூத்தொம்பது. அதுக்கு மேல ஒண்ணு போட்டா நீ செத்தவன். போடல. பத்து நாளுக்கு மேல ஒரு கொட்டைகூடப் போடல. சனங்க என்னைச் சந்தேகப்பட்டிருந்தா தேவலையா இருந்திருக்கும். பாவம் கருப்பி, தினமும் ஏறி ஏறிச் சும்மா இறங்கறாளேன்னு கூழு கொண்டாந்து குடுத்தாங்க. நான் அதையும் குடிச்சேன்.

மூணு நாளைக்கு முந்தி காளி எனக்குத் தெரியாம பின்னாலயே ஏறி வந்துட்டா. வெறும் வயித்தோட ஏறறேன்னு கலயத்துல கஞ்சி எடுத்துக்கிட்டு வந்திருக்கா. நான் திரும்பறப்ப பொழுது முழுசா ஏறி நிக்குது. எங்கேயும் ஒரு கீத்து மேகம் இல்லை. அண்ணி, பொழுது ஏறிடுச்சுங்களேன்னா. ஓரமா ஒரு மேகம் இருந்துச்சுன்னேன். அவ வானத்தைப் பார்த்தா, என்னைப் பார்த்தா. கலயத்தைக் கீழ வச்சுட்டு எத்தனை நாளுங்கன்னு கேட்டா.

அறுபத்தாறுன்னேன்.

கலயத்துக்குப் பக்கத்துல உட்கார்ந்தா. அப்புறம் அவர் வருவாருங்களான்னு கேட்டா. ஒண்ணாந்தேதி வர்றான், இன்னும் பதினஞ்சு நாள் மட்டும் பொறுத்துக்கோ, கும்பிடறேன்னு சொன்னேன். நெசமாவே கை கூப்பினேன்டா. அதுக்கு அவ சொன்னதை அப்படியே எழுதறேன்.

"எனக்காகன்னா வேண்டாங்க அண்ணி. நான் தை மாசமே அழுது முடிச்சுட்டேன். நீங்க என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமுங்க."

கேக்கணும்னு எனக்குத் தோணவே இல்லை தம்பி. ஒரே வூட்டுல, ஒரே அடுப்புல இருக்கோம், எனக்கு எண்ணெய் போட்டுத் தேய்ச்சு விட்டவ. அவளைக் கேக்கணும்னு ஒரு நாளும் தோணல.

அப்புறம் அவளே எழுந்து நின்னு கூப்பிட்டா. மூணு தடவை. ஊரே வெளியே வந்து அண்ணாந்து பார்த்துது, குரல் வேறயா இருக்குதேன்னு.

நான் இறங்கினேன், சட்டியை எடுத்துக்கிட்டுக் கோயில் வாசலுக்குப் போனேன், எல்லாரும் பார்க்கக் கொட்டினேன். நானே சொன்னேன், அவ சொல்லல. சின்னராஜ் எண்ணிப் பார்த்தான். முதல்ல விதைங்க, பேச்சு அப்புறம்னான். அன்னிக்கே விதைச்சாங்க. ஒண்ணே கால் ஆள் பிந்திப் போச்சு. காஞ்ச மண்ணுல கொத்திக் கொத்திப் போட்டாங்க, பாதியாவது முளைச்சாத் தேவலை. சாயங்காலம் பேசினாங்க. இனி நான் பாறை ஏறக்கூடாது. நெசமான நாளைக் கூப்பிட்டது யாரோ அவதான் நாள்காரின்னு முடிவாச்சு. இனி காளி ஏறுவா.

உன் கல்லை நான்தான் கவுத்தேன். கூடப் பொறந்தவ கைதானே கவுக்கணும். ரொம்பக் கனம் இல்லை.

ஒண்ணாந்தேதி கிளம்பி வராதே. வந்து பாறைக்குக் கீழ நின்னு, அதை நான் பார்க்கவேண்டாம். உனக்கு நேரா சொல்லியிருக்கணும். ஊருக்கும் சொல்லல, உனக்கும் சொல்லல, அவளுக்கும் சொல்லல. என்னைத் திட்டணும்னா திட்டி எழுது. சாப்பாட்டை மட்டும் விட்டுடாதே.

அக்கா கருப்பி

*

அரூர், ரோசம்மாள் டீச்சர் வூடு
5-8-1943

அக்காவுக்குத் தம்பி. உடம்பு நல்லா இருக்குது. உன் கடிதாசி கிடைச்சுது. வராதேன்னு எழுதியிருந்தே. வந்துட்டேன்.

மெஷின் கிடைக்கல. எழுத்துல ஏதாவது குடுத்தோமான்னு கேட்டாங்க. குடுக்கலதான். அதை விடு.

நேத்துக் காலையில பொழுது விடியறப்ப இறங்குபாறைக்குக் கீழ வந்து நின்னேன். ஒரு அடி மேல வைக்கல. காளி கூப்பிடறது கேட்டுது. மூணு வருசம் குடும்பம் நடத்தினேன், அவ குரல் வாசல் தாண்டிக் கேட்டதே இல்லை. அடிவாரம் வரைக்கும் வருது அக்கா. நல்லா கூப்பிடறா. மூணாவது தடவை முடிஞ்சதும் திரும்பிட்டேன்.

உன்னைத் திட்டச் சொன்னே. அதுக்கு எனக்கு யோக்கியதை இல்லை. ஒண்ணு சொல்றேன், பெரியண்ணன் மாமன் கல்லு மேல சத்தியமா யார்கிட்டயும் சொல்லக்கூடாதுன்னுதான் இருந்தேன். ஆனா ஒருத்தருக்கொருத்தர் மறைச்சு மறைச்சு என்ன நடந்துதுன்னு பார்த்துட்டோமே, போதும்.

சித்திரை ஏழாம் தேதி நான் அரூருக்கு வந்தேன். மேஸ்திரி ரெண்டு நாள் லீவு குடுத்தான். கரி எரிச்சு ஓடற பஸ்ஸுல வந்து இறங்கறேன், சந்தையில வீரன் புளி வித்துக்கிட்டு இருக்கான். கையில காளிக்கு ஒரு சீலை, உனக்குத் தைலம். வீரன் என்னைப் பார்த்து, என்ன மச்சான் இதுக்குள்ளயே வந்துட்டே, இன்னும் ரெண்டு ஆள் பாக்கி இருக்குதேன்னான். நான் அங்கேயே நின்னுட்டேன். ரெண்டு ஆள் இருக்குதா? அப்ப மேல ஏறி இறங்கினா லீவுக்கு மேல ரெண்டு நாள் ஆகும், மெஷின் கையை விட்டுப் போயிடும். வெறுங்கையோட போறதுக்கு மெஷினோட போகலாமேன்னு தோணிச்சு. நான் வந்ததை யார்கிட்டயும் சொல்லாதே, காளி கேட்டா மனசு கஷ்டப்படுவான்னு அவன்கிட்டச் சத்தியம் வாங்கிட்டு, அதே பஸ்ஸுல திரும்பிட்டேன். சீலையும் தைலமும் திரும்பி வந்துடுச்சு.

நெசக் கணக்குல சித்திரை பதினாலுக்குத்தான் நிறைஞ்சுதுன்னு எழுதியிருக்கே. அப்ப எனக்கு ஒரு வாரம் இருந்திருக்குது. ஒரு வாரத்துல மூணு தடவை மலை ஏறலாம்.

உன் மேல பழி போடறதுக்கு இதை எழுதல. தை மாசத்துல ஏது அக்கா மேகம்? முனிராஜ் சொன்ன அன்னிக்கே எனக்குத் தெரிஞ்சுது. நீ எனக்காக நாளைப் பிடிச்சு வச்சிருக்கேன்னு தெரிஞ்சுது. பிடிச்சு வச்சுக்குவே, நமக்கென்னன்னு இருந்துட்டேன். ஊரு விதைக்காம உட்கார்ந்திருக்கும்னு நினைச்சுக்கூடப் பார்க்கல.

நான் திரும்பிப் போறேன். சீலையை டீச்சர்கிட்டக் குடுத்திருக்கேன். காளிக்குக் குடுக்கணும்னா குடு, இல்லைன்னா நீ கட்டிக்கோ. தைலம் உனக்கு.

சின்னக்கண்ணு

*

ஏழுசுனை
ஆள் 10, நாள் 18, காளி சொன்னபடி
(அரூர் தபால், 10-1-1944)

தம்பி சின்னக்கண்ணுக்கு அக்கா கருப்பி. உன் கடிதாசி வந்து அஞ்சு மாசம் ஆயிடுச்சுன்னு டீச்சர் சொல்றாங்க. எழுதக்கூடாதுன்னு இல்லை. உட்கார்ந்தா கை ஓடல. நீ இருக்கியா, தின்னுறியா, அதைச் சொல்லு முதல்ல.

சாமை மூணுல ஒரு பங்குதான் வந்துது. கதிரு வந்துச்சு, உள்ளே மணி பிடிக்கல. இப்ப எல்லாரும் காட்டுக்குள்ள போய்க் கிழங்கு தோண்டறாங்க. நானும் போறேன். யாரும் என்னை ஒரு வார்த்தை சொல்லல. கிழங்கைப் பங்கு போடறப்ப எனக்கும் சமமா ஒரு பங்கு வச்சுடறாங்க. அதை வாங்கறப்பத்தான் செத்துடலாம் போல இருக்குது. பக்கத்து வூட்டுச் சின்னக்கா மகளுக்குப் பால் வத்திப் போச்சு, குழந்தை தேறுமான்னு தெரியல. நான் தினமும் போய்ப் பார்க்கறேன். அவளும் உட்காருங்கன்னு பாயை எடுத்துப் போடறா.

நீ எழுதினதைக் காளிகிட்டப் படிச்சுக் காட்டல. இனிமே அவளைக் கேக்காம ஒண்ணும் செய்யறதில்லைன்னு இருந்தேன், இது ஒண்ணை மட்டும் மறைச்சேன். வீரன்கிட்ட மட்டும் கேட்டேன், தம்பி வந்தானாடான்னு. அவன் தலையைக் குனிஞ்சுக்கிட்டான். சத்தியம் வாங்கிட்டாருங்கன்னான். ரெண்டு நாள் எங்க வூட்டுப் பக்கமே வரல. அவன் வூட்டுல காளியைக் கேட்டு வந்திருக்காங்க. அடுத்த சாமை வரட்டும், அப்புறம் பேசலாம்னு சொல்லி அனுப்பிட்டா. சீலையைக் குடுத்தேன், வாங்கி வச்சுக்கிட்டா. இன்னும் கட்டல.

சித்திரை ஏழாம் தேதின்னு எழுதியிருக்கே. டீச்சர்கிட்ட அது எந்தக் கிழமை, சந்தை எப்பன்னு கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டேன். அந்த நாள் எனக்கு ஞாபகம் இருக்குதுடா. அதுவும் சட்டியில போட்ட நாள்தான். காத்துகூட இல்லை, அரூர் ரோடு தெரியற அளவுக்குத் தெளிவா இருந்துது. நான் கூப்பிடாம உட்கார்ந்து அந்த ரோட்டையேதான் பார்த்துக்கிட்டு இருந்தேன், என்னைக்காவது நீ அதுல வரமாட்டியான்னு. நான் வாயை மூடினது உன்னை வரவழைக்கத்தான். அந்தக் கணக்கைக் கேட்டுட்டுத்தான் நீ திரும்பிப் போயிருக்கே.

உன் மேல எனக்குக் கோவம் இல்லை. உனக்கும் என் மேல இல்லைன்னு எழுதியிருந்தே. இருந்திருந்தா ரெண்டு பேரும் சண்டை போட்டுத் தீர்த்திருக்கலாம்.

இனிமே மலைக்கு எழுதாதே. கல்லு கவுந்தவன் கடிதாசியை மேல கொண்டாரக் கூடாதுன்னு சொல்லிட்டாங்க, வீரன் தூக்க மாட்டான். டீச்சர் வூட்டுக்கு எழுது. எனக்கு இப்ப காலையில வேலை ஒண்ணும் இல்லை. சந்தை நாள்ல மெல்ல இறங்கி வந்து நானே படிச்சுக்கறேன்.

அக்கா கருப்பி